டொமிங்கோவின் திரை வாழ்க்கை: வாயசைத்த படங்களா, நேரில் பாடிய பதிவுகளா?

வாசகர் கேள்வி, ஜனவரி 6

ஸ்பானியப் பாடகர் பிளாசிடோ டொமிங்கோ நடித்த ஆப்பரா (பெரும்பாலும் பாட்டாகவே போகும் மேற்கத்திய இசை நாடகம்) படங்களை வரிசையாகப் பார்த்து முடித்தேன். என் கட்சி இதுதான்: 1982 முதல் 1986 வரை இத்தாலிய இயக்குநர்கள் ஜெஃபிரெல்லியும் ரோசியும் எடுத்த படங்களோடு அவருடைய திரை வாழ்க்கை உச்சம் தொட்டு முடிந்துவிட்டது. முன்னும் பின்னும் இருப்பதெல்லாம் மேடைக்கு எதிரே கேமராவை நட்டு எடுத்த பதிவுகள். அவற்றைத் திரை வாழ்க்கையில் சேர்ப்பதே சரியில்லை. மறுப்பவர்கள் எழுதலாம்.

ஜனவரி 6, இரவு

மறுக்கிறேன். நீங்கள் உச்சம் என்று சொல்லும் அந்தப் படங்களில் கேமராவுக்கு முன்னால் டொமிங்கோ பாடவில்லை. ஸ்டுடியோவில் முன்பே பாடிப் பதிவு செய்த பாட்டுக்கு வாயசைத்திருக்கிறார். குரல் அவருடையதுதான், முகமும் அவருடையதுதான். ஆனால் நாம் கேட்கும் சத்தம் நாம் பார்க்கும் உடம்பிலிருந்து அந்த நொடியில் வரவில்லை. படப்பிடிப்பில் ஒலிபெருக்கியோடு சேர்ந்து அவர் பாடியிருக்கலாம். பாடினாலும் அது பதிவாகாத பாட்டு, அளந்து கொடுத்தால் போதும்.

என் கட்சியையும் சொல்லிவிடுகிறேன். டொமிங்கோ என்ற நடிகரைப் பார்க்க வேண்டுமென்றால் அவர் நேரில் பாடியபோது எடுத்த பதிவுகளைத்தான் பார்க்க வேண்டும். பாடும் உழைப்புதான் அவருடைய நடிப்பு. அதை எடுத்துவிட்டால் மிச்சம் இருப்பது களையான முகமும் நல்ல உடை அலங்காரமும்தான்.

ஜனவரி 7

ஏன் இவ்வளவு அழுத்தமாகச் சொல்கிறேன் என்று ஒருவர் கேட்டிருக்கிறார். பல வருஷம் டப்பிங் தியேட்டரில் வேலை பார்த்தவன் நான். திரையில் யாராவது பாடினால் என் கண் முதலில் போவது கண்ணுக்கோ உதட்டுக்கோ இல்லை, கழுத்துக்கும் விலாவுக்கும். உதட்டைப் பழக்கிவிடலாம். 'ப', 'ம' மாதிரி உதடு மூடும் எழுத்துகள் சரியாக விழுந்தால் பார்ப்பவர் பாதி நம்பிவிடுவார். மூச்சைப் பழக்குவதுதான் கடினம். மேல் சுரத்துக்குப் போகும் முன் பாடகர் இழுக்கும் மூச்சில் விலா விரியும், தோள் இறங்கும், தாடைக்கு அடியில் ஓர் இறுக்கம் வரும். வாயசைப்பவருக்கு இது அரை நொடி தாமதமாக வரும், இல்லையென்றால் வரவே வராது.

பின்னணிப் பாட்டிலேயே வளர்ந்த நமக்கு இது ஒரு குறையாகவே தோன்றாது. நம் படங்களில் ஒருவர் பாடுவார், இன்னொருவர் நடிப்பார், அந்த ஒப்பந்தம் எல்லாருக்கும் தெரியும். ஆப்பரா பாடகர் விஷயம் வேறு. மைக் இல்லாமல், பெரிய ஆர்க்கெஸ்ட்ராவைத் தாண்டி, கடைசி வரிசை வரைக்கும் குரலை அனுப்புகிற உடம்பு அது. அந்த உடம்பு வேலை செய்வதைப் பார்ப்பதில்தான் பாதி சுகம்.

ஜனவரி 7, சற்று நேரம் கழித்து

எந்தப் படங்களைப் பற்றிப் பேசுகிறோம் என்று தெரியாதவர்களுக்காக:

1974இல் ஜான்-பியர் பொன்னெல் எடுத்த 'மடாமா பட்டர்ஃபிளை'. கராயன் நடத்திய வியன்னா ஃபில்ஹார்மோனிக் ஆர்க்கெஸ்ட்ரா, மிரெல்லா ஃபிரெனி ஜோடி. கராயனின் இசைத்தட்டில் நாயகன் பிங்கர்டன் வேடத்தைப் பாடியவர் இன்னொரு புகழ்பெற்ற பாடகர் பவரொட்டி, படத்தில் டொமிங்கோ. 1976இல் ரோம் நகரில் ஜான்ஃபிராங்கோ தெ போசியோ எடுத்த 'தோஸ்கா'. 1982இல் ஜெஃபிரெல்லியின் 'கவலேரியா ருஸ்திகானா', 'பாலியாச்சி', அதை ஒட்டியே 'லா டிராவியாட்டா'. 1984இல் ஃபிரான்செஸ்கோ ரோசியின் 'கார்மென்'. 1986இல் மறுபடியும் ஜெஃபிரெல்லி, 'ஒதெல்லோ'.

பன்னிரண்டு வருஷத்தில் இத்தனை ஆப்பராப் படங்களில் நாயகனாக வந்த வேறு டெனர் (ஆண்களில் மேல்ஸ்தாயிக் குரலில் பாடுபவர்) எனக்குத் தெரிந்து இல்லை. அந்த அளவில் கேள்வி கேட்டவரோடு ஒத்துப்போகிறேன்.

ஜனவரி 9

'லா டிராவியாட்டா'வைப் பற்றி இரண்டு பேர் எழுதியிருக்கிறீர்கள். நல்ல படம்தான். திரைச்சீலை, விளக்கு, கண்ணாடி என்று ஒவ்வொரு சட்டகமும் நிரம்பி வழிகிறது. கலை இயக்கத்துக்கும் உடை அலங்காரத்துக்கும் பிரிட்டிஷ் திரை விருதான பாஃப்டா கிடைத்தது, அதே இரண்டு பிரிவுகளில் ஆஸ்கர் பரிந்துரையும் வந்தது. கடைசிக் கட்டத்திலிருந்து கதையைத் தொடங்கியதும் அருமை: பொருள்களைக் காலி செய்ய ஆட்கள் வந்திருக்கும் வீட்டில் ஒரு சிறு பையன் நாயகி வயலெட்டாவின் ஓவியத்தை அண்ணாந்து பார்க்கிறான்.

ஆனால் அது வயலெட்டாவாக வரும் தெரசா ஸ்ட்ராட்டாஸின் படம். அவர் ஒல்லியான உடம்பும் பெரிய கண்களும் கேமராவுக்கென்றே அமைந்தவை. வயலெட்டா சாகிறாள் என்று நம்ப நமக்கு இசைகூடத் தேவைப்படவில்லை. டொமிங்கோவுக்கு அப்போது நாற்பதைத் தாண்டிவிட்டது. அவர் வேடமோ வயலெட்டாவின் காதலன் அல்ஃப்ரெடோ, ஊரிலிருந்து வந்த அனுபவமில்லாத பையன். மேடையில் குரலின் இளமை அந்த வயது வித்தியாசத்தை மூடிவிடும். குளோசப்பில் குரல் ஒரு பக்கம், முகம் ஒரு பக்கம் என்று பிரிந்துவிடுவதால் அந்த உதவி கிடைப்பதில்லை.

ஜனவரி 10

'ஒதெல்லோ' படத்தில் ஒதெல்லோவின் உதவித் தளபதி காசியோவாக வரும் உர்பானோ பார்பெரினி பாடகரே இல்லை, நடிகர். அவருக்குக் குரல் கொடுத்தவர் எஸியோ தி செசாரே. ஒரே படத்தில் ஒருவர் தன் குரலுக்கு வாயசைக்கிறார், பக்கத்தில் நிற்பவர் இன்னொருவர் குரலுக்கு வாயசைக்கிறார். படம் பார்த்த பலருக்கு இது தெரியாது. தெரியவில்லை என்பதே என் வாதத்துக்கு ஆதாரம்: பாடுபவருக்கும் பாடாதவருக்கும் வித்தியாசம் தெரியாதபடி எடுத்த படத்தில் டொமிங்கோவுக்கென்று தனியாக என்ன இருக்கிறது?

ஜனவரி 10, இரவு

காலையில் எழுதியதில் ஒதெல்லோவைப் பற்றிப் பாதிதான் சொன்னேன். எனக்கு அந்தப் படத்தின் மேல் இருக்கும் கோபத்தின் பெரிய காரணம் வேறு. ஒதெல்லோவின் மனைவி டெஸ்டிமோனா அவன் கையால் சாவதற்கு முன் பாடும் வில்லோ பாட்டை ஜெஃபிரெல்லி வெட்டிவிட்டார். இசையமைத்த வெர்டி அந்த ஆப்பராவில் மூச்சு விட இடம் கொடுத்திருப்பதே அங்கேதான். கொலை நடக்கப்போவது எல்லாருக்கும் தெரியும், அந்தப் பெண் படுக்கையறையில் உட்கார்ந்து சின்ன வயதில் கேட்ட ஒரு பாட்டைப் பாடுகிறாள். அதை எடுத்துவிட்டால் கட்டிலுக்கு அருகே வரும் ஒதெல்லோவின் கனமும் குறைந்துவிடுகிறது. டெஸ்டிமோனாவாக வரும் கட்யா ரிச்சியரெல்லிக்கு மட்டுமல்ல, டொமிங்கோவுக்கும் அது நஷ்டம்.

அவர் இந்த வேடத்தை முதலில் பாடியது 1975இல், ஹாம்பர்க்கில். அடுத்த ஆண்டு டிசம்பர் 7 அன்று மிலானின் லா ஸ்காலா தன் பருவத்தை அவருடைய ஒதெல்லோவோடு தொடங்கியது. கார்லோஸ் கிளைபர் இசை நடத்த, ஃபிரெனி டெஸ்டிமோனா, பியெரோ கப்புச்சில்லி வில்லன் இயாகோ. மேடை அமைப்பு அதே ஜெஃபிரெல்லி. இத்தாலியத் தொலைக்காட்சி அதை நேரலையாகக் காட்டியது. படம் கொஞ்சம் மங்கல், சத்தமும் சுமார்தான். ஆனால் முதல் அங்கத்தில் புயலிலிருந்து இறங்கி வந்ததும் ஒதெல்லோ பாடும் 'எசுல்தாத்தே' இருக்கிறதே, அதைப் பாருங்கள். எந்த முன்னோட்டமும் இல்லாமல், தொண்டையைச் சூடு பண்ணிக்கொள்ள ஒரு வரிகூட இல்லாமல், எடுத்த எடுப்பில் முழுக்குரலில் உச்சத்துக்குப் போக வேண்டும். உலகில் எந்த டெனருக்கும் வயிறு கலங்கும் இடம். அந்தக் கலக்கத்தையும் அதைத் தாண்டிய தைரியத்தையும் அந்தப் பழைய பதிவில் பார்க்கலாம். 1986 படத்தில் அந்த இடம் அழகாக இருக்கிறது, அவ்வளவுதான்.

ஜனவரி 11

நேற்றைய குறிப்போடு இதையும் சேர்த்துப் படிக்கவும். 1985 செப்டம்பர் 19 அன்று மெக்சிகோ நகர நிலநடுக்கத்தில் டொமிங்கோவின் உறவினர்கள் நான்கு பேர் இறந்தார்கள். தலாத்தெலோல்கோ குடியிருப்பில் நுவெவோ லெயோன் என்ற கட்டடம் இடிந்து விழுந்தது. அவர் அங்கே போய் இடிபாடுகளுக்கு நடுவே மீட்பு வேலையில் நின்றார். பிறகு நிகழ்ச்சிகளை ரத்து செய்துவிட்டு, பாதிக்கப்பட்டவர்களுக்கு நிதி திரட்ட மேடை ஏறினார். ஒதெல்லோ படம் எடுக்கப்பட்ட காலமும் அதுதான். அந்தப் படத்தில் அவர் முகத்தில் தெரியும் களைப்பைப் பார்க்கும்போது இது என் மனதில் வராமல் இருப்பதில்லை.

ஜனவரி 13

இப்போது முக்கியமான விஷயத்துக்கு வருகிறேன். என் கட்சியைச் சோதித்துப் பார்க்க ஒரு வழி இருக்கிறது, அதுவும் டொமிங்கோவே அமைத்துக் கொடுத்த வழி. ஒரே ஆப்பரா, ஒரே வேடம், ஒரே இடங்கள், ஒரே மனிதர். ஒரு தடவை வாயசைத்தது, ஒரு தடவை நேரில் பாடியது.

முதலாவது 1976 'தோஸ்கா'. புச்சினி இசையமைத்த இந்த ஆப்பராவின் கதை ரோமில் மூன்று இடங்களில் நடக்கிறது: சாந்தாந்த்ரேயா தெல்லா வல்லே தேவாலயம், ஃபார்னேசே மாளிகை, சாந்தாஞ்செலோ கோட்டை. மூன்று இடத்திலும் போய் எடுத்தார்கள். ரைனா கபைவான்ஸ்கா நாயகி தோஸ்கா, ஷெரில் மில்ன்ஸ் வில்லன் ஸ்கார்பியா, டொமிங்கோ தோஸ்காவின் காதலன் கவரதோஸி. மூன்றாம் அங்கத் தொடக்கத்தில் வரும் ஆட்டிடையன் பாட்டைப் பாடியது டொமிங்கோவின் சிறு வயது மகன். குரலைப் பொறுத்தவரை டொமிங்கோவின் பொற்காலம், 35 வயது.

இரண்டாவது 1992 ஜூலை 11, 12. தயாரிப்பாளர் ஆந்திரேயா ஆண்டர்மன் யோசித்தது கேட்டாலே தலை சுற்றும். அதே மூன்று இடங்களில், கதையில் சொல்லப்பட்ட நேரத்திலேயே, நேரலையாகப் பாட வேண்டும். முதல் அங்கம் சனிக்கிழமை பகலில் தேவாலயத்தில். இரண்டாவது அன்று இரவு ஃபார்னேசே மாளிகையில்; அது இப்போது பிரெஞ்சுத் தூதரகம். மூன்றாவது ஞாயிறு காலை 6 மணிக்குக் கோட்டையின் மொட்டை மாடியில். ஆர்க்கெஸ்ட்ரா இந்த மூன்று இடத்திலும் இல்லை. ஜூபின் மேத்தா ரோமிலேயே வேறோர் இடத்தில் ரேடியோ ஆர்க்கெஸ்ட்ராவை நடத்துகிறார். பாடகர்கள் அவர் கையசைவை மானிட்டரில் பார்த்துப் பாடுகிறார்கள். கேத்தரின் மால்ஃபிட்டானோ தோஸ்கா, ருஜ்ஜெரோ ரைமண்டி ஸ்கார்பியா. ஒளிப்பதிவு விட்டோரியோ ஸ்டொராரோ. 107 நாடுகளில் ஒளிபரப்பானது.

ஒலிப்பதிவு தெரிந்தவர்கள் இதை ஒரு நிமிஷம் மனதில் ஓட்டிப் பாருங்கள். கேமரா ஆட்கள் பாடகரைச் சுற்றி நடக்கிறார்கள். தேவாலயத்தின் எதிரொலி ஒரு மாதிரி, மாளிகை அறை ஒரு மாதிரி, திறந்த மாடி இன்னொரு மாதிரி. இசை வேறு கட்டடத்திலிருந்து வருகிறது. ஒருவர் அரை தாளம் பிசகினால் உலகம் முழுக்கத் தெரியும். இரண்டாவது டேக் கிடையாது.

ஜனவரி 13, தொடர்ச்சி

அந்த மூன்றாம் அங்கத்தை மட்டும் எடுத்துக்கொள்கிறேன். டெனர்களுக்குக் காலை 6 மணி என்பது குரல் எழாத நேரம். இவர் முந்தின பகலும் இரவும் பாடியிருக்கிறார், வயது 51. வானம் வெளுத்துக்கொண்டிருக்கிறது. அது ஸ்டொராரோ போட்ட விளக்கு இல்லை, நிஜமான விடியல்.

கவரதோஸி இன்னும் ஒரு மணி நேரத்தில் சாகப்போகிறவன். காதலிக்கு ஒரு கடிதம் எழுத உட்காருகிறான், நினைவு அவனை இழுத்துக்கொண்டு போகிறது, எழுத முடியவில்லை. 'எ லுச்செவான் லெ ஸ்தெல்லே' அப்படித்தான் தொடங்கும். முதல் வரிகளில் மெட்டு பாடகரிடம் இல்லை, கிளாரினெட்டிடம் இருக்கிறது. பாடகர் கிட்டத்தட்ட ஒரே சுரத்தில், பேசுவதுபோல, நட்சத்திரம் மின்னியதையும் தோட்டக் கதவு கிரீச்சிட்டதையும் மணலில் காலடி பட்டதையும் சொல்லிக்கொண்டு போகிறார். அப்புறம்தான் மெட்டு அவர் வாய்க்கு வருகிறது.

1976இல் இந்த இடத்தில் குரல் அற்புதம். வழவழவென்று, எங்கேயும் ஒரு கீறல் இல்லாமல் போகிறது. முகமும் சோகமாக இருக்கிறது. ஆனால் அந்த முகம் ஏற்கெனவே முடிந்துபோன ஒரு பாட்டின் மேல் சோகத்தைப் பூசிக்கொண்டிருக்கிறது.

1992இல் குரலில் கொஞ்சம் கரடு. மெட்டு தன்னிடம் வருவதற்கு முன் அவர் மூச்சு எடுக்கும் இடத்தைப் பாருங்கள். மார்பு எழுகிறது, வாய் திறக்கிறது, சத்தம் வருவதற்கு முன்பே அது வரப்போவது நமக்குத் தெரிந்துவிடுகிறது. கடைசி வரியில், வாழ்க்கையை இவ்வளவு நேசித்ததே இல்லை என்று சொல்லும் இடத்தில், அவர் தன்னிடம் மிச்சம் இருப்பதையெல்லாம் போட வேண்டியிருக்கிறது. சாகப்போகிறவனின் முயற்சியும் களைத்த பாடகரின் முயற்சியும் ஒரே முயற்சியாகிவிடுகின்றன. இதைத்தான் நடிப்பு என்கிறேன். இதை வாயசைத்துக் கொண்டுவர முடியாது.

ஜனவரி 14

"எதிரொலி சரியில்லை, சில இடங்களில் குரல் தூரமாகப் போகிறது" என்று ஒருவர். ஆமாம், போகிறது. திரும்பி நடக்கிற மனிதனின் குரல் தூரமாகத்தான் போகும். ஸ்டுடியோ பதிவில் ஆள் நூறு அடி தள்ளி நின்றாலும் குரல் காதுக்குள்ளேயே இருக்கும். எனக்கு அதுதான் உறுத்தும்.

ஜனவரி 16

மேடைக்கு எதிரே கேமரா நட்ட பதிவு என்று கேள்வியில் ஒரே வரியில் ஒதுக்கியிருந்தீர்கள். 1981இல் லண்டன் கோவென்ட் கார்டனில் எடுத்த 'ஹாஃப்மனின் கதைகள்' பாருங்கள். மேடை இயக்கம் ஜான் ஷ்லெசிங்கர், சினிமாவிலிருந்து வந்தவர். இசை ஜார்ஜ் பிரெத்ர்.

முன்னுரைக் காட்சியில் ஹாஃப்மன் மதுக்கடையில் மாணவர்களுக்கு நடுவே க்ளைன்ஸாக் என்ற குள்ளனைப் பற்றிக் கேலிப் பாட்டு பாடுகிறான். கால் இப்படி, தலை அப்படி என்று போய்க்கொண்டிருக்கும் பாட்டு முகத்தை வருணிக்கும் இடம் வந்ததும் தடம் மாறுகிறது. குள்ளனின் முகம் போய், தான் காதலித்த பெண்ணின் முகம் வந்துவிடுகிறது. கேலிப் பாட்டு காதல் பாட்டாகிறது. சுற்றி இருப்பவர்களுக்குப் புரியவில்லை, அவனுக்கே தெரியவில்லை. அப்புறம் உலுக்கி எழுப்பினாற்போலப் பழைய பாட்டுக்குத் திரும்புகிறான். டொமிங்கோ இதைக் கையைக் காலை ஆட்டிச் செய்யவில்லை. குரலின் நிறத்தை மாற்றுகிறார், அதோடு முகம் இளகுகிறது. எது முதலில் நடந்தது என்று பிரித்துச் சொல்ல முடியவில்லை.

அதே இரவில் மூன்று காதல், மூன்று தோல்வி, கடைசியில் போதையில் சரிந்த கிழவன். மந்திரக் கண்ணாடி போட்டுக்கொண்டு பொம்மையைப் பெண் என்று நம்பும் முதல் கதையில் அவர் விடலைப் பையன்போல இருக்கிறார். டிராவியாட்டாவில் வராத இளமை இங்கே எப்படி வந்தது? அதே நாற்பது வயது மனிதர்தானே. இங்கே பாடுகிறார், அதனால் வந்தது.

ஜனவரி 19

'கார்மென்' மறுபடியும் பார்த்தேன். இதை எழுதியே ஆக வேண்டும்.

ரோசியின் படத்தை மற்றவற்றோடு ஒரே கூடையில் போட எனக்கு இப்போது மனம் வரவில்லை. ரோந்தா, கார்மோனா, செவில் என்று ஆண்டலூசியாவின் தெருக்களில், வெயிலில், தூசியில் எடுத்த படம். கார்மெனாக வரும் ஜூலியா மிகெனெஸின் குரல் பெரியதில்லை. பெரிய அரங்கில் இந்த வேடத்தை அவர் இப்படிச் செய்திருக்க முடியாது. மைக்கும் கேமராவும் அவருக்கு அந்தச் சுதந்திரத்தைக் கொடுக்கின்றன. இத்தாலியின் டேவிட் தி தொனாத்தெல்லோ விருது சிறந்த படத்துக்கும் இயக்கத்துக்கும் கிடைத்தது நியாயம்தான்.

டொமிங்கோவுக்கு இங்கே என்ன நடந்தது? ரோசி பாட்டுகளுக்கு நடுவே பேச்சு வசனத்தை வைத்திருக்கிறார். வசனம் பேசும் டொமிங்கோவை நாம் அதிகம் பார்த்ததில்லை. அவர் வேடமான தோன் ஹோசே பேசத் தெரியாத ஆள், அடக்கி அடக்கி வைத்து ஒரு நாள் வெடிப்பவன். அந்தக் கனத்த மௌனம் டொமிங்கோவின் உடம்புக்குப் பொருந்துகிறது. கடைசிக் காட்சியில் அவர் கார்மெனிடம் கெஞ்சுவது, காளைச்சண்டை அரங்கத்தின் ஆரவாரம் கேட்கக் கேட்க நிலை குலைவது, எல்லாம் நம்பும்படி இருக்கிறது. வாயசைப்புதான், எனக்குத் தெரிகிறது. தெரிந்தும் கண்ணை எடுக்க முடியவில்லை.

எனவே என் கட்சியை இப்படித் திருத்திக்கொள்கிறேன்: பாட்டை மட்டும் நம்பி எடுத்த படங்களில் அவர் தொலைந்துபோகிறார். மனிதனை நம்பி எடுத்த படத்தில் நிற்கிறார். ரோசி அரசியல் படங்கள் எடுத்தவர், தொழிலாளியையும் ரவுடியையும் எப்படி நிற்க வைப்பது என்று அவருக்குத் தெரியும்.

ஜனவரி 20

மேலே சொன்னதால் 1992 தோஸ்காவை இறக்கிவிட்டேன் என்று நினைக்க வேண்டாம். அது இன்னும் முதலிடத்தில்தான் இருக்கிறது.

ஜனவரி 22

பேச்சு வசனம் என்றதும் ஞாபகம் வந்தது. டொமிங்கோ பிறந்தது 1941இல், மாட்ரிட்டில். அப்பா அம்மா இருவரும் ஸர்ஸுவெலா கலைஞர்கள். ஸர்ஸுவெலா என்றால் பாட்டும் பேச்சும் கலந்து வரும் ஸ்பானிய நாடகம். குடும்பம் மெக்சிகோவுக்குக் குடிபெயர்ந்தது, பெற்றோர் அங்கே சொந்தக் குழு நடத்தினார்கள். பையன் அந்தக் குழுவிலேயே வளர்ந்தான். பியானோ வாசித்தான், சில்லறை வேடம் கட்டினான், 'மை ஃபேர் லேடி'யின் மெக்சிகோ தயாரிப்பில் பாடினான். அங்கே புதிதாக வந்த தொலைக்காட்சியில் பிரான்டெல்லோ, செக்காவ் நாடகங்களிலும் தலைகாட்டியிருக்கிறார். ஆக, கேமரா முன்னால் நிற்பது அவருக்கு நாற்பது வயதில் வந்த பழக்கம் இல்லை. பிறகு 1962 முதல் டெல் அவீவில் இரண்டரை வருஷம், ஏறக்குறைய 280 நிகழ்ச்சிகள். மற்ற டெனர்கள் குரலை வளர்த்துவிட்டு நடிப்புக்கு வந்தார்கள். இவர் நாடகக் கொட்டகையில் பிறந்து குரலைத் தேடிப் போனவர்.

ஜனவரி 23

"கரேராஸ் படங்கள் இல்லையா?" என்று கேட்டவருக்கு: இருக்கின்றன, அவற்றில் ஒன்றின் கதை மனதைப் பிசையும். லூயிஜி கொமென்சினி 'லா போயெம்' படத்தைத் தொடங்கியபோது நாயகன் ரொடால்ஃபோ வேடம் இன்னொரு ஸ்பானிய டெனரான ஹோசே கரேராஸுக்கு. பாட்டுப் பதிவு முடிந்துவிட்டது. 1987இல் பாரிஸில் படம் எடுத்துக்கொண்டிருந்தபோது அவருக்கு ரத்தப் புற்றுநோய் என்று தெரிந்தது. அவரால் தொடர முடியவில்லை. படத்தில் லூகா கனோனிச்சி என்ற இளம் டெனர் நின்று, கரேராஸின் குரலுக்கு வாயசைத்தார். இருமிக்கொண்டே சாகும் காதலி மிமிக்காக ரொடால்ஃபோ அழும் குரல், மருத்துவமனையில் உயிருக்குப் போராடிக்கொண்டிருந்த மனிதருடையது. வாயசைப்பு எனக்குக் குறையாகவே படாத ஒரே ஆப்பராப் படம் இது.

அவர் பிழைத்து எழுந்தார். 1990 ஜூலை 7 அன்று ரோமின் காரகல்லா குளியல் மண்டபத்தில் டொமிங்கோ, பவரொட்டி, கரேராஸ் என்ற மூன்று டெனர்கள் சேர்ந்து பாடியது கரேராஸ் தொடங்கிய ரத்தப் புற்றுநோய் அறக்கட்டளைக்காக. நடத்தியவர் அதே ஜூபின் மேத்தா. உலகத்தில் மிக அதிகம் பேர் டொமிங்கோவைத் திரையில் பார்த்தது அன்றைக்குத்தான் இருக்கும். அங்கே அவர் எந்த வேடத்திலும் இல்லை, ஆனால் மூவரும் ஒருவரையொருவர் பார்த்துச் சிரித்துக்கொண்டு பாடும்போது அந்தச் சந்தோஷம் கலப்படம் இல்லாதது.

ஜனவரி 23, பிற்சேர்க்கை

கரேராஸ் 1986இல் 'ரொமான்ஸா ஃபினால்' என்ற படத்தில் 19ஆம் நூற்றாண்டு டெனர் ஹூலியன் கயாரேவாக நடித்தார். அதே கயாரேவாக 1959இலேயே அல்ஃப்ரெடோ கிரவுஸ் நடித்திருக்கிறார். கயாரே 1889 டிசம்பரில் மாட்ரிட்டில் 'முத்துக் குளிப்பவர்கள்' பாடும்போது குரல் உடைந்து, சில வாரங்களில் இறந்துபோனார். அவர் குரல் எந்தப் பதிவிலும் இல்லை. பதிவே இல்லாத பாடகருக்கு அடுத்தடுத்த தலைமுறை ஸ்பானிய டெனர்கள் தங்கள் குரலைக் கொடுத்திருக்கிறார்கள். ஸ்பெயினில் அந்த மனிதருக்கு இருக்கும் இடம் அப்படி.

ஜனவரி 25

குழந்தைகளோடு பார்க்க ஏதாவது? 2007இல் 'சிம்ப்சன்ஸ்' தொடரில் டொமிங்கோவாகவே வருகிறார். 'பெவர்லி ஹில்ஸ் சிவாவா'வில் ஒரு நாய்க்குக் குரல், 'தி புக் ஆஃப் லைஃப்' படத்தில் ஒரு எலும்புக்கூட்டுக்குக் குரல். சீசேம் ஸ்ட்ரீட்டில் அவர் பெயரை ஒட்டி ஒரு பூநாரை பொம்மையே இருந்தது. இவை எல்லாமே எனக்குப் பிடிக்கும். கென்னத் பிரானாவின் 'ஹாம்லெட்' முடிந்து பெயர்கள் ஓடும்போது வரும் குரலும் இவர்தான்.

ஜனவரி 28

2019ஐப் பற்றிப் பேசாமல் இந்த இழை ஓடுகிறது என்று ஒருவர் எழுதியிருக்கிறார். நியாயமான கேள்வி. அந்த ஆண்டு ஆகஸ்டில் அசோசியேட்டட் பிரஸ் செய்தியில் பல பெண்கள் அவர்மீது பாலியல் தொந்தரவுப் புகார்களைச் சொன்னார்கள். செப்டம்பரில் அவர் நியூயார்க் மெட்ரோபாலிடன் ஆப்பராவிலிருந்து விலகினார், அடுத்த மாதம் லாஸ் ஏஞ்சலிஸ் ஆப்பராவின் தலைமைப் பொறுப்பிலிருந்தும். 2020 பிப்ரவரியில் அமெரிக்கப் பாடகர் சங்கத்தின் விசாரணை அவர் முறைகேடாக நடந்துகொண்டதாகச் சொன்னது. அவர் மன்னிப்புக் கேட்டார், சில நாளில் அதன் ஒரு பகுதியைத் திரும்பப் பெற்றார். லாஸ் ஏஞ்சலிஸ் நடத்திய விசாரணையும் புகார்கள் நம்பத்தக்கவை என்றது.

எனக்கு அவர் குரல் மேல் இருக்கும் பிரியத்தை வைத்து அந்தப் பெண்கள் சொன்னதை ஓரம் கட்ட முடியாது. இந்த இழையில் நான் புகழ்வது வேலையை. அந்த வேலை நடந்த அரங்குகளில் பேச முடியாமல் பயந்து வேலை பார்த்தவர்களும் இருந்தார்கள் என்பதை அறிந்தே எழுதுகிறேன்.

பிப்ரவரி 2

கறுப்பு நிற வேடமான ஒதெல்லோவுக்காக வெள்ளைப் பாடகர்கள் பூசிக்கொள்ளும் கறுப்பு ஒப்பனையையும் ஒருவர் கேட்டார். 1986 படத்திலும் மேடையிலும் அது இருந்தது. மெட்ரோபாலிடன் 2015இல் அந்த வழக்கத்தை நிறுத்தியது. நிறுத்தியது சரி. இன்று அந்தப் படத்தின் குளோசப்புகளைப் பார்க்கக் கஷ்டமாக இருக்கிறது, மேடைப் பதிவுகளிலும்தான்.

பிப்ரவரி 5

கேள்வி கேட்டவர் திரும்ப வந்து, "1992க்குப் பிறகு எதுவும் இல்லையே" என்கிறார். இருக்கிறது. 2007 ஜனவரியில் மெட்ரோபாலிடன் தன் அரங்கிலிருந்து சினிமா கொட்டகைகளுக்கு அனுப்பிய ஆரம்ப நேரலைகளில் ஒன்று டான் துன் இசையமைத்த 'முதல் பேரரசர்'. சாங் யிமோ இயக்கம், சீனப் பேரரசராக டொமிங்கோ. பழைய வெற்றிகளில் சுகமாகக் காலம் தள்ளியிருக்கலாம், 65 வயதில் புத்தம் புது வேடத்தை மனப்பாடம் செய்து உலகத்துக்கு முன்னால் நின்றார்.

அப்புறம் 2010 செப்டம்பர், மாந்துவா நகரில் 'ரிகொலெத்தோ'. 1992 தோஸ்காவை எடுத்த ஆண்டர்மன், மேத்தா, ஸ்டொராரோ கூட்டணியே, இயக்கம் மார்கோ பெலோக்கியோ. நிஜ இடங்கள், நிஜ நேரம், நேரலை. டொமிங்கோ இப்போது டெனர் இல்லை, டெனரைவிடக் கீழ்ஸ்தாயியில் பாடும் பாரிட்டோன் வேடமான கூனன் ரிகொலெத்தோ. வயது 69. அந்த ஆண்டு மார்ச்சில்தான் பெருங்குடல் புற்றுநோய்க்கு அறுவை சிகிச்சை செய்துகொண்டிருந்தார்.

குரல் பாரிட்டோன் குரல் இல்லை என்று விமர்சகர்கள் சொன்னார்கள், எனக்கும் அதே எண்ணம்தான். அடிக்குரலில் அந்தக் கரிய கனம் வராது. ஆனால் இரண்டாம் அங்கத்தில் மகளைத் தேடி மாளிகைக்குள் வந்து, அரசவை ஆட்களிடம் முதலில் சீறி, அப்புறம் அவர்கள் காலில் விழாத குறையாகக் கெஞ்சும் இடம் இருக்கிறது. கோபத்திலிருந்து கெஞ்சலுக்கு இறங்கும்போது மூச்சு போதாமல் ஒரு வரியை அவசரமாக முடிக்கிறார். ஒலிப்பதிவாளனாக இருந்தால் இன்னொரு டேக் கேட்டிருப்பேன். பார்வையாளனாக, அந்தத் தகப்பனுக்கு அந்த வரியை நிதானமாக முடிக்க நேரம் இருந்திருக்காது என்றுதான் தோன்றியது.

பிப்ரவரி 6

எங்கிருந்து தொடங்குவது என்று கேட்ட புதியவருக்கு: முதலில் 1981 ஹாஃப்மன். அடுத்து 1992 தோஸ்கா, மூன்று அங்கங்களையும் ஒரே மூச்சில் பார்க்காமல் அவர்கள் பாடியபடி பகலில் ஒன்று, இரவில் ஒன்று, விடியலில் ஒன்றாகப் பாருங்கள். அப்புறம் கார்மென். டிராவியாட்டாவை ஸ்ட்ராட்டாஸுக்காகப் பாருங்கள். 1976 தோஸ்காவின் மூன்றாம் அங்கத்தை மட்டும் கடைசியில் வைத்துக்கொண்டு, 1992ஐ ஒட்டியே போட்டுப் பார்த்துவிட்டு, உங்களுக்கு எது பட்டது என்று இங்கே எழுதுங்கள். 1976 பக்கம் வாக்குகள் விழுந்தாலும் பரவாயில்லை, காரணத்தோடு விழ வேண்டும்.